சும்மா கிடந்தால் அக்காவுக்கு ஆகாது

கம்பத்தில் ஜீப் நிறுத்தத்துக்கு எதிர்ச் சந்தில் இருந்த அந்த டிசைன் கடைக்கு நீங்கள் விசிட்டிங் கார்டு அடிக்கப் போயிருந்தால், கார்டு கைக்கு வருவதற்குள் ஒரு கட்டுக் கவரை ஒட்டிக் கொடுத்திருப்பீர்கள். நீங்கள் யாராக இருந்தாலும் சரி. அக்கா உங்களை ஏற இறங்கப் பார்ப்பாள், ஸ்டூலைக் காட்டுவாள், உட்கார்ந்ததும் மடியில் எதையாவது வைத்துவிடுவாள். "சும்மாதான ஒக்காந்திருக்கீக, இத மட்டும் மடிச்சுக் குடுத்துருங்க" என்பாள். அந்தக் குரலில் அதட்டலும் இருக்காது, கெஞ்சலும் இருக்காது. சோறு போடுகிறவள் தட்டை நகர்த்துகிற மாதிரி வேலையை நகர்த்துவாள். வங்கியில் பெரிய பதவியில் இருந்த ஒருவர் மினுமினுக்கிற சட்டையோடு எங்கள் கடையில் காலண்டருக்குக் கயிறு கோத்திருக்கிறார். திராட்சைத் தோட்டக்காரர் ஒருவர் பிளக்ஸுக்கு ஆர்டர் கொடுக்க வந்து, சாயங்காலம் வரை கண்ணாடி அலமாரியைத் துடைத்துவிட்டு, ஆர்டர் கொடுக்க மறந்துபோய் வீட்டுக்குப் போயிருக்கிறார்.

நான் அந்தக் கடையில் டிசைனராக இருந்தேன். இப்போது தேனியில் எனக்கென்று ஒரு கடை இருக்கிறது, கூட்டமும் வருகிறது. ஆனால் வருகிறவர்களின் மடியில் எதையாவது வைக்கிற தைரியம் எனக்கு இன்றுவரை வரவில்லை. அதற்கெல்லாம் அக்காவாகப் பிறந்திருக்க வேண்டும்.

அவள் பெயரை நான் சொல்லப்போவதில்லை. சொன்னாலும் கம்பத்தில் யாருக்கும் தெரியாது. ரேஷன் கடைக்காரரும் அக்கா என்பார், அக்காவைவிட வயது கூடிய அவர் அப்பாவும் அக்கா என்பார்.

அக்காவுக்கு ஒன்று மட்டும் ஆகாது. ஒரு பொருளோ ஆளோ சும்மா கிடப்பதைக் கண்டால் உடம்பெல்லாம் அரிக்கும். நான் திரையைப் பார்த்தபடி எந்த நிறம் பொருந்தும் என்று யோசித்துக்கொண்டிருப்பேன். பின்னாலிருந்து குரல் வரும்.

"ஏ பிள்ள, என்ன செல மாதிரி இருக்க?"

"யோசிக்கிறேன்கா."

"யோசி, யாரு வேணாம்னா? யோசிக்கிறதுக்குக் கை எதுக்கு? கை சும்மாதான இருக்கு."

அவரைக்காய் முறம் என் முன்னால் வந்து உட்காரும். என்னுடைய நல்ல டிசைன்கள் எல்லாமே அவரைக்காய்க்கு நார் உரித்துக்கொண்டே செய்தவைதான். வாடிக்கையாளர்கள் பாராட்டும்போது எனக்குப் பொரியல் வாசம் வரும்.

எதிர்க்கடை அண்ணன் விஷயத்தில்தான் இந்தக் குணம் கொஞ்சம் எல்லை தாண்டிவிட்டது. அவர் வைத்திருந்தது பிளக்ஸ் அடிக்கிற பெரிய மிஷின். அட்டையிலோ தாளிலோ அடிக்க வேண்டியது வந்தால் அவர் எங்களிடம் வருவார். பேனர் வேலை வந்தால் நாங்கள் அவரிடம் போவோம். அப்படிப் போன ஒருநாள், மிஷினுக்கு முன்னால் ஆளில்லாத இடத்தில் வரிசையாகக் காற்றாடிகள் ஓடிக்கொண்டிருந்ததை அக்கா பார்த்திருக்கிறாள். "யாருக்குடா இம்புட்டுக் காத்து?" என்று சுவிட்சை அணைத்துவிட்டாள். அது மையை உலர்த்துகிற காற்று. பேனர் ஈரத்தோடு சுருண்டது. காதுகுத்துக்கு அடித்த பேனர் அது. விரித்துப் பார்த்தபோது மூன்று தாய்மாமன்களின் மீசையும் தாடை வரை வழிந்து, மூவருக்கும் சந்நியாசிக் களை வந்துவிட்டிருந்தது.

அன்றிலிருந்து அண்ணன் அக்காவோடு பேசுவதில்லை. பேச வேண்டியதை என்னிடம் சொல்வார். சந்து எவ்வளவு அகலம் என்கிறீர்கள்? இங்கிருந்து கையை நீட்டினால் அவர் கடை ஷட்டரைத் தொடலாம். "ஒங்க அக்காகிட்டச் சொல்லு, பேனர் ரெடின்னு" என்று அவர் சொல்வார். அக்கா அவரைப் பார்த்துக்கொண்டே என்னிடம், "கேட்டுச்சுன்னு சொல்லு" என்பாள். நடுவில் நான் எதற்கு என்று எனக்கே புரியாது.

அந்த ஞாயிற்றுக்கிழமை நான் கடைக்குப் போனபோது, செசிலியம்மா எனக்கு முன்னால் வந்து ஸ்டூலில் உட்கார்ந்திருந்தார். அனுமந்தன்பட்டிக்காரர். மலைக்கு மேலே கேரளப் பக்கம் ஏலத்தோட்டத்தில் காய் எடுக்கிற வேலை, அங்கேயே தோட்டத்து லயத்தில், வரிசை வீட்டில் குடியிருப்பு. புதன்கிழமை அவர் மகளுக்கு ஊர்க் கோயிலில் கல்யாணம். மடியில் ஏற்கெனவே எங்கள் கடைக் கவர்கள்.

"கார்டு அடிக்கணும் பாப்பா" என்று ஒரு கல்யாணப் பத்திரிகையை நீட்டினார். சிவப்பில் தங்க எழுத்து, பளபளவென்று இருந்தது. "மாப்ள வீட்டுக்கும் ஊருக்கும் குடுத்ததுல தீந்துருச்சு. எங்கூட வேல செய்றவளுகளுக்கு வாயால சொன்னாப் போதும்னு எங்க வீட்டுல சொன்னாக. போதும்தான். ஆனா புதுசா ஒரு சூப்பர்வைசர் வந்திருக்கான். காய் எடுக்குற நேரம், கார்டக் கண்ணால பாத்தாத்தான் லீவுங்கிறான். 'கார்டு எவிடே?'ன்னு ஒவ்வொருத்தியையும் கேக்குறான். நாளைக்குக் காலையில லீவு எழுதுறான். அதோட சரி."

கூட்டாளிகள் எல்லாரும் அன்று சந்தைக்கு இறங்கி வந்திருந்தார்கள். நாலு மணி ஜீப்பில் ஏறிவிடுவார்கள். அதற்குள் ஆளுக்கொரு கார்டு அவர்கள் கையில் இருக்க வேண்டும். மேலே போன் டவரும் எடுக்காது.

"பன்னெண்டு வயசுலருந்து ஒண்ணா நிக்கிறோம்" என்றார் செசிலியம்மா. "எம்மக பொறந்தப்ப என்னைய ஜீப்புல தூக்கிப் போட்டுக் கூட்டியாந்தவளுக அவளுகதான். அவளுக இல்லாம நான் எப்புடிக் கோயிலுக்குள்ள போவேன்?"

"ஒரு மணி நேரத்து வேலைம்மா" என்று சொல்லிவிட்டுக் கம்ப்யூட்டரைப் போட்டேன். அழைப்பிதழ் வடிவமைக்கிற சாப்ட்வேரைத் தட்டினேன். ஏதோ ஒரு கோப்பைக் காணோம், அதனால் திறக்க முடியாது என்றது. சரி, பத்திரிகையை ஸ்கேன் பண்ணிக்கொள்வோம் என்று போனால் ஸ்கேனரும் அதையே சொன்னது. போட்டோ திருத்துகிற சாப்ட்வேரும் அதே பல்லவி. நேற்று மாலை வரை எல்லாம் ஓடின.

"அக்கா, என்னக்கா பண்ணுனீக?"

"நான் என்ன பண்ணுனேன்? பெருக்குனேன்."

"எதப் பெருக்குனீக?"

"கம்ப்யூட்டரத்தான். எடம் பத்தலன்னு நேத்து அது சொல்லுச்சா இல்லையா? காலையில வந்து ஒவ்வொரு அறையாத் தொறந்து பாத்தேன். ஒரு எடத்துல பூராம் பல்சக்கரப் படம் போட்டு வரிசையா ஒக்காந்திருக்கு. தட்டித் தட்டிப் பாக்குறேன், ஒண்ணும் தொறக்கல. போட்டோவும் இல்ல, எழுத்தும் இல்ல, பாட்டும் இல்ல. வெட்டியா எடத்த அடச்சுக்கிட்டு. எல்லாத்தையும் அழிச்சு விட்டேன்."

"அது ஒண்ணும் கேக்கலையா?"

"கேட்டுச்சு. நெசமாவான்னு ரெண்டு தடவ கேட்டுச்சு. ஆமான்னு அமுக்குனேன்."

"சரி, குப்பைத்தொட்டிக்குள்ள கெடக்கும். எடுத்துக்கிரலாம்."

அக்கா என்னை ஒரு மாதிரி பார்த்தாள். "அதையும் கொட்டிட்டேனே. குப்பையக் கட்டிக்கிட்டு ஒக்காந்திருக்கவா?"

அட கடவுளே என்று தலையில் கை வைத்தேன். அவள் அழித்தது பொதுக் கோப்புகளை. ஒரு தெருவுக்கே ஒரே ஒரு நீள ஏணி இருக்கும். வெள்ளையடிக்கிறவர், தேங்காய் பறிக்கிறவர், ஓடு மாற்றுகிறவர் எல்லாருக்கும் அதுதான். படத்தைத் திரையில் வரைவதற்கும் நிறத்தைப் பிரிப்பதற்கும் ஒவ்வொரு சாப்ட்வேரும் தனித்தனியாக ஆள் வைத்துக்கொள்ளாது. ஒரே கோப்பை எல்லாம் கூப்பிட்டு வேலை வாங்கிக்கொள்ளும். அந்தக் கோப்பை நாம் தட்டினால் திறக்காது, திறக்கவும் வேண்டியதில்லை. இதை அக்காவுக்குச் சொன்னேன். முகம் விழுந்துவிட்டது. "அப்ப அதுக எல்லாம் வேல பாத்துக்கிட்டா இருந்துச்சுக?" என்று கேட்டாள். ஒரு குடும்பத்தையே தெருவில் விட்டுவிட்ட மாதிரி இருந்தது அந்தக் குரல்.

செசிலியம்மா கவர் ஒட்டுவதை நிறுத்திவிட்டார். "ஆகாதா பாப்பா?" என்று மட்டும் கேட்டார்.

பக்கத்து ஜெராக்ஸ் கடையில் அந்தப் பத்திரிகையையே நகலெடுத்துப் பார்த்தேன். சிவப்பு முழுக்கக் கருப்பாகி, சாவுக்கு அடிக்கிற துஷ்டிப் பத்திரிகை மாதிரி வந்தது. அதைச் செசிலியம்மாவின் கண்ணில் படாமல் கிழித்தேன். போனில் தேடி ஒரு தளத்திலிருந்து அந்தக் கோப்பை இறக்கினேன். பெயர் அதேதான், ஆனால் சாப்ட்வேர் அதைச் சேர்த்துக்கொள்ளவில்லை, வேறு பதிப்பாம். எங்களுக்குச் சாப்ட்வேர் எல்லாவற்றையும் ஏற்றிக் கொடுத்த தேனிக்காரர் ஞாயிற்றுக்கிழமை போனை அணைத்துவிட்டுப் படுக்கிற ஆள். அவர் ஏற்றிக்கொடுத்த இன்னொரு இடம் எதிர்க்கடைதான். அதே பதிப்பு, அதே கோப்புகள் அங்கே இருக்கும்.

சந்தின் அந்தப் பக்கம் போய் அண்ணனிடம் சொன்னேன். அவர் மிஷினில் திருவிழாப் பேனர் ஓடிக்கொண்டிருந்தது. நடுவில் நிறுத்தினால் மொத்தத் துணியும் வீண், அதனால் அந்தக் கம்ப்யூட்டரில் உட்கார்ந்து வேறு வேலை செய்ய வழியில்லை. ஆனால் கோப்புகளைப் பென் டிரைவில் எடுத்துக்கொடுக்கலாம்.

"தாரேன்" என்றார். "ஒங்க அக்காவ வந்து கேக்கச் சொல்லு."

அக்கா கேட்டுக்கொண்டுதான் இருந்தாள். சேலைத் தலைப்பை இழுத்துச் செருகிக்கொண்டு இறங்கி வந்தாள்.

"தம்பி, தப்பு எம்மேலதான். எம்புத்தியச் செருப்பால அடிக்கணும். அன்னைக்குப் பேனருக்கும் சேத்துத்தான் சொல்றேன். அந்தம்மா மொகத்தப் பாக்க முடியல. குடு."

அண்ணன் இதை எதிர்பார்த்திருக்கவில்லை. பிறகு ஒரு நாற்காலியை இழுத்துப் போட்டார்.

"ஒக்காருங்க. இந்தப் பிள்ள கொண்டு போயிப் போட்டுப் பாக்கட்டும். எல்லாம் ஓடுதுன்னு வந்து சொல்ற வரைக்கும் நீங்க எந்திரிக்கக் கூடாது. இங்கனயும் ஒண்ணையும் தொடக்கூடாது."

"எதுக்குய்யா?"

"அங்கன போனா மறுபடி பெருக்குவீக."

அக்கா உட்கார்ந்தாள். கையைக் கட்டிக்கொண்டு உட்கார்ந்தாள். நான் அவளிடம் வேலைக்குச் சேர்ந்த நாளிலிருந்து பார்க்காத காட்சி அது. எங்கள் கடைப் படியில் நின்ற செசிலியம்மாவே, அந்த நிலையிலும் சிரிப்பை அடக்க வாயில் முந்தானையை வைத்துக்கொண்டார்.

ஒரு தடவையில் முடிகிற வேலையாகவும் அது இல்லை. கோப்பைக் கொண்டுபோய்ப் பழைய இடத்தில் போட்டால் போதாது, வீட்டுக்கு வந்த மருமகளை உறவுக்காரர்களுக்குக் காட்டுவது மாதிரி அதைச் சிஸ்டத்துக்கு அறிமுகம் செய்துவைக்க வேண்டும். செய்தேன். சாப்ட்வேர் இன்னொரு கோப்பைக் கேட்டது. மறுபடி எதிர்க்கடைக்குப் போனேன். அக்கா காற்றாடிகளையே முறைத்துக்கொண்டிருந்தாள். அடுத்த கோப்பைப் போட்டேன், ஸ்கேனருக்கு உயிர் வந்தது, மற்றது வரவில்லை. மறுபடி ஓடினேன். இந்தமுறை அக்கா கண்ணை இறுக மூடிக்கொண்டிருந்தாள், ஊசி போடக் காத்திருக்கிற பிள்ளை மாதிரி. அவள் காலடியில் பிளக்ஸ் துணிச் சீவல்கள் குப்பையாகக் கிடந்தன. அண்ணன் கடையில் எப்போதும் கிடப்பவைதான். அவள் கால் பெருவிரல் மட்டும் அவற்றை ஓரமாகத் தள்ளிக் குவித்துக்கொண்டிருந்தது. அண்ணன் பார்த்தும் பார்க்காத மாதிரி இருந்தார். நல்ல மனுஷன்.

ஒருவழியாக அழைப்பிதழ் சாப்ட்வேர் திறந்தது. "ஓடுதுக்கா!" என்று நான் கத்தியதும் அக்கா எழுந்து வந்த வேகத்தில் சந்தில் படுத்திருந்த நாய் எழுந்து ஓடியது.

தட்டச்சு செய்து, மாதா படம் வைத்து, பெண் மாப்பிள்ளை பெயரைச் சிவப்பில் போட்டேன். செசிலியம்மாவிடம் ஒவ்வொரு வரியாக வாசித்துக் காட்டி, பிரிண்டரில் கொடுத்தேன். அக்கா வெட்டினாள். ஜீப் நிறுத்தத்திலிருந்து ஹாரன் கேட்க ஆரம்பித்தது. வெட்டி முடித்தாகிவிட்டது, இன்னும் மடிக்கவில்லை.

"மடிக்காமக் குடுத்துருவோம்கா. வாசகம் இருக்கு, போதும்" என்றேன்.

"போடி இவளே. மடிக்காட்டி அது நோட்டீசு. சீட்டுக் கம்பெனிக்காரன் குடுக்குற மாதிரி இருக்கும். அந்தச் சூப்பர்வைசரு நம்ப வேணாமா?"

வெட்டிய தாள்களை அப்படியே அள்ளிக்கொண்டு ஓடினாள். நானும் செசிலியம்மாவும் பின்னால் ஓடினோம். ஜீப்பில் மூட்டைகளுக்கும் மண்ணெண்ணெய்க் கேனுக்கும் நடுவே பெண்கள் நெருக்கியடித்து உட்கார்ந்திருந்தார்கள். அக்கா யாரையும் கேட்காமல் அவர்களுக்கு நடுவில் ஏறி உட்கார்ந்தாள்.

"நீ எங்க ஆத்தா வார?" என்று டிரைவர் கேட்டார்.

"செக்போஸ்ட்டு வரைக்கும். நீ வண்டிய எடு. எல்லாரும் சும்மாதான ஒக்காந்திருக்கீக, ஆளுக்கு ரெண்டா மடிங்க. இந்தா, நடுவுல மாதா மொகத்துல மடிப்பு விழுகாமப் பாத்துக்கங்க."

செசிலியம்மாவையும் என்னையும் நிறுத்தத்திலேயே விட்டுவிட்டு ஜீப் கிளம்பிப் போனது. கம்பம்மெட்டு மலை வளைவுகளில் ஜீப் ஆடுகிற ஆட்டத்தில், தாங்கள் கலந்துகொள்ளப்போகிற கல்யாணத்துக்கான பத்திரிகையை அந்தப் பெண்கள் மடித்துக்கொண்டே போனார்கள். அக்கா இருட்டுவதற்குள் இன்னொரு ஜீப்பில் இறங்கி வந்தாள். கடையைத் திறந்து வைத்துக் காத்திருந்த என்னிடம், "மடிச்சாளுக. ஒண்ணும் நேரா வரல" என்று சொல்லிவிட்டுத் தண்ணீர் குடித்தாள்.

அதன்பின் இரண்டு நாளும் அக்கா அக்காவாக இல்லை. வருகிறவர்களுக்கு மடியில் வேலை வைப்பதும் குறைந்துபோனது. "கோணையா இருக்குன்னு அந்தாளு லீவு குடுக்கலைன்னா?" என்று என்னைக் கேட்டுக்கொண்டே இருந்தாள். மேலே என்ன நடந்தது என்று கேட்க வழியில்லை.

புதன்கிழமை கடையை அடைத்துவிட்டு இரண்டு பேரும் அனுமந்தன்பட்டிக்குப் போனோம். கோயில் வாசலில் பந்தல் போட்டிருந்தார்கள். மாப்பிள்ளை வீட்டார் உள்ளே போயாகிவிட்டது. முதல் மணி அடித்தும்விட்டது. செசிலியம்மா பட்டுச்சேலையோடு ரோட்டு முனையில் நின்றுகொண்டிருந்தார். வீட்டுக்காரர் வந்து கூப்பிட்டார், மகனும் வந்து கூப்பிட்டான். "இந்தா வந்துட்டேன்" என்று சொன்னாரே தவிர, நகரவில்லை. அக்கா அவர் பக்கத்தில் போய் நின்றுகொண்டாள். எனக்கு இருவரையும் பார்க்கப் பாவமாக இருந்தது.

இரண்டாவது மணி அடிக்கிற நேரத்தில்தான் அந்த ஜீப் வந்தது. ஒன்று இல்லை, ஒன்றன்பின் ஒன்றாக இரண்டு. நிற்பதற்கு முன்பே பெண்கள் குதித்து இறங்கினார்கள். தலை நிறையப் பூ, எல்லார் கையிலும் அந்தப் பத்திரிகை. உள்ளே நுழையவும் அதைக் காட்ட வேண்டும் என்று நினைத்துவிட்டார்கள் போலிருக்கிறது. செசிலியம்மா ஒவ்வொருத்தியையும் பெயர் சொல்லிக் கூப்பிட்டு, கன்னத்தைத் தொட்டுத் தொட்டுப் பார்த்தார்.

"குடுத்தானாடி லீவு? ஒண்ணும் சொல்லலையா?" என்று கேட்டார்.

முன்னால் நின்ற பெண் சிரித்தாள். "சொல்லாம இருப்பானா? திருப்பித் திருப்பிப் பாத்தான். இதென்ன, ஒண்ணொண்ணும் ஒவ்வொரு பக்கமாக் கோணிக்கிட்டு இருக்கு, எந்த ஊரு பிரஸ்ஸுல மடிச்சதுன்னு கேட்டான்."

அக்கா என் கையைப் பிடித்து நசுக்கினாள்.

"நாங்கதான் மடிச்சோம்னு சொன்னேன். எங்க வீட்டுக் கல்யாணம், நாங்க மடிக்காம வேற யாரு மடிப்பான்னு கேட்டேன். பேசாம எழுதிக்கிட்டான்."

செசிலியம்மா அவளைக் கட்டிக்கொண்டு வாய்விட்டு அழுதார். அவரைவிடச் சத்தமாக அழுதது அக்காதான். பிறகு எல்லாரையும் முன்னால் விட்டு, செசிலியம்மா கடைசியாகக் கோயிலுக்குள் போனார்.